அறுபது வருடங்களுக்கு மேல் அடக்கி வாசித்தவர்

பிரெஞ்சு நடிகர்கள் என்று பேச்சு வந்தாலே முதலில் அலைன் டெலோன், அடுத்து பெல்மோந்தோ. இரண்டு பேருமே பெரிய ஆட்கள்தான். ஆனால் அந்தத் தலைமுறையில் என் முதல் ஓட்டு ழான்-லூயி த்ரந்தின்யானுக்கு. 1956-இல் பிரிஜித் பார்தோவுடன் நடித்துப் பெயர் வாங்கியவர், 2019 வரை கேமரா முன்னால் இருந்தார். குளோத் லெலூஷ், எரிக் ரோமர், பெர்டோலுச்சி என்று ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத இயக்குநர்கள் அவரைத் தேடி வந்தார்கள். அவர் நடிப்பில் இருந்த அடக்கம்தான் காரணம் என்று நினைக்கிறேன்.

கோஸ்டா காவ்ராஸின் 'இசட்' (1969) படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கிரேக்க எம்.பி. லாம்ப்ராகிஸ் 1963-இல் கொல்லப்பட்டதை அடிப்படையாகக் கொண்ட கதை. விசாரணை நீதிபதியாக வரும் த்ரந்தின்யான், கதை வெகுதூரம் நகர்ந்த பிறகுதான் முக்கியமாகிறார். கடைசியில் பதக்கம் குத்திய பெரிய அதிகாரிகள் ஒவ்வொருவராக வந்து உட்காருகிறார்கள். பெயர் என்ன, தொழில் என்ன என்று ஒரே குரலில் கேட்கிறார். நமக்கோ உடம்பு சிலிர்க்கிறது. அந்த வேடத்துக்குத்தான் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது.

25 வருடம் கழித்து, கீஸ்லோவ்ஸ்கியின் 'மூன்று வண்ணங்கள்: சிவப்பு' படத்தில் மறுபடியும் நீதிபதி. இந்த முறை ஓய்வு பெற்றவர், அக்கம்பக்கத்து வீடுகளின் தொலைபேசியை ஒட்டுக்கேட்பவர். 'இசட்' நீதிபதியே நியாயத்தின் மேல் நம்பிக்கை போய் இங்கே தனியாக உட்கார்ந்திருக்கிறாரோ என்று எனக்குத் தோன்றும். நீண்ட காலம் நடித்த ஒருவரால்தான் இப்படி ஒரு வேடத்தின் நிழலை இன்னொன்றில் விழ வைக்க முடியும்.

2003-இல் அவருடைய மகள் மரி, காதலன் அடித்ததில் இறந்துபோனார். அதன் பிறகு சினிமா பக்கம் அவ்வளவாக வரவில்லை. மேடையில் கவிதை வாசிப்பதோடு சரி. எண்பதைத் தொட்ட அவரைத் திரும்ப இழுத்து வந்தது இயக்குநர் ஹானெகெயின் 'அமூர்' (2012).

அதில் காலைச் சாப்பாட்டு மேசைக் காட்சி ஒன்று. மனைவி திடீரென்று பேச்சற்று வெறித்துப் பார்க்கிறாள். இவர் குழாயைத் திறந்து துணியை நனைத்து அவள் முகத்தில் ஒற்றுகிறார். அசைவே இல்லை. குழாயை மூடாமலே உள்ளே போய் உடை மாற்றுகிறார். தண்ணீர்ச் சத்தம் மட்டும் கேட்கிறது, பிறகு அதுவும் நின்றுவிடுகிறது. இவர் கை அப்படியே நிற்கிறது. அந்த முகத்தில் பயமும் நம்பிக்கையும் சேர்ந்தே தெரியும். மனைவியாக வரும் இம்மானுவேல் ரிவாவும் அபாரம்தான், ஆனால் அந்த நொடி இவருடையது.

இந்தப் படத்துக்காகத்தான் 82 வயதில் முதல்முறையாக சிறந்த நடிகருக்கான செசார் விருது (பிரான்சின் தேசியத் திரைப்பட விருது) கிடைத்தது. வயதைப் பார்த்துக் கொடுத்த விருது என்று சொல்வதை நான் ஏற்கவே மாட்டேன். தாமதமாகக் கொடுத்தார்கள், அவ்வளவுதான்.

2022-இல் 91 வயதில் போய்ச் சேர்ந்தார். இதுவரை பார்க்காதவர்கள் 'இசட்'டில் ஆரம்பியுங்கள், அப்புறம் 'சிவப்பு'. 'அமூர்' பார்ப்பதை மட்டும் மனசு கொஞ்சம் தெம்பாக இருக்கிற நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.