கூலிக்கு எழுதியவரின் சொந்தக் கதைகள்

காசுக்காக எழுதுவதை எழுத்தாளரின் வீழ்ச்சியாகப் பேசும் வழக்கம், சுயாதீன சினிமா குறித்த உரையாடல்களில் சற்றுக் கூடுதலாகவே உண்டு. அமெரிக்கத் திரைக்கதையாசிரியர் ஜான் செய்ல்ஸின் படங்களை வரிசையாகப் பார்த்த பிறகு எனக்கு அந்த வாதத்தில் நம்பிக்கை போய்விட்டது.

நாவலாசிரியராக அறியப்பட்ட அவர், மலிவான படங்களைத் தயாரித்துக் குவித்த ரோஜர் கார்மனின் நிறுவனத்துக்கு எழுதித்தான் திரைத்துறைக்குள் வந்தார். 1978இல் வெளியான ‘பிரானா’, ஒரு சுறா படம் பெருவெற்றி பெற்றதால் எடுக்கப்பட்ட மீன் படம். அதில் மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் மனிதரைக் கடித்துக் குதறும் அந்த மீன்கள், வியட்நாம் ஆறுகளில் விடுவதற்காக அமெரிக்க ராணுவமே உருவாக்கியவை என்று கதை சொல்கிறது. போர் முடிந்து மூன்றே ஆண்டுகள் ஆகியிருந்த நேரம் அது. தவிரவும், கரையேறிவிட்டால் தீர்ந்துபோகும் ஓர் ஆபத்துக்குள் கதைமாந்தரைத் திரும்பத் திரும்ப இறக்கிவிட நம்பும்படியான காரணங்களைக் கண்டுபிடிப்பதைவிடக் கடுமையான திரைக்கதைப் பயிற்சி வேறொன்று எனக்குத் தோன்றவில்லை.

இப்படி எழுதி ஈட்டிய பணத்தில்தான், பழைய போராட்டக்கால நண்பர்கள் ஒரு வார இறுதியில் கூடிப் பேசும் தன் முதல் படத்தை அவர் இயக்கினார். சண்டையோ பெரிய அரங்கமோ தேவைப்படாத, கையிருப்புக்குள் அடங்கும் கதை.

அதன்பின் அவர் தொட்ட களங்கள் ஒன்றோடொன்று ஒட்டாதவை. 1920இல் மேற்கு விர்ஜினியாவில் நடந்த சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தைச் சொல்லும் ‘மேட்வான்’ 1987இல் வந்தது. பத்தாண்டுகளுக்குப் பிறகு ஒரு படத்தைப் பெரும்பகுதி ஸ்பானிய மொழியிலேயே எடுத்தார். அவருடைய பாத்திரங்கள் சில வேளைகளில் கட்டுரை வாசிப்பதுபோல் பேசுகிறார்கள் என்பதை, அவரை விரும்பும் நானும் மறுக்க மாட்டேன். ‘லோன் ஸ்டார்’ படத்தில் அந்தக் குறை அநேகமாக இல்லை. டெக்சாஸ் எல்லையோர ஊர் ஒன்றில் கிடைக்கும் மண்டையோட்டிலிருந்து தொடங்கும் அக்கதையில், வெட்டே இல்லாமல் கேமரா மெல்ல நகர்ந்து, நிகழ்காலத்திலிருந்து அதே இடத்தின் பழைய காலத்துக்குள் போய்விடுகிறது. எழுதியவரே இயக்கிப் படத்தொகுப்பும் செய்ததால்தான் இது இவ்வளவு இயல்பாக அமைந்தது என்று நினைக்கிறேன்.

அந்தத் திரைக்கதை ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. ‘லோன் ஸ்டார்’ வெளியானதற்கு முந்தைய ஆண்டுதான் ‘அப்போலோ 13’ படம் வந்திருந்தது. அதன் திரைக்கதையைச் செய்ல்ஸ் திருத்தி எழுதிக் கொடுத்திருந்தார், பெயர்ப் பட்டியலில் அவர் இல்லை.