அம்மா எப்போ மனசு மாறினாங்க?

வெளிநாட்டில் வளர்ந்த ஆசியப் பிள்ளைகளின் காதல் காமெடிப் படங்களில் எனக்குப் பிடிபடவே பிடிபடாத ஒண்ணு: அந்த அம்மா எப்போங்க மனசு மாறுறாங்க? ஒண்ணரை மணி நேரம் "நம்ம குடும்பத்துக்கு இது ஆகாது"ன்னு ஒரே பாட்டு. கடைசி அஞ்சு நிமிஷத்தில் கதவோரம் நின்னு ஒரு சிரிப்பு. தலைமுறைச் சண்டை முடிஞ்சுது, எல்லாரும் ஆடுங்க! நடுவுல அந்த மனுஷி என்ன நினைச்சா? அதைக் காட்டத்தான் இவங்களுக்கு நேரமே இருக்காது.

'கிரேஸி ரிச் ஏசியன்ஸ்' (2018) படத்தில் ஹீரோவோட அம்மா எலினோரையே எடுத்துக்கோங்க. கேம்பிரிட்ஜில் சட்டப் படிப்பைக் குடும்பத்துக்காகப் பாதியில் விட்டவங்க. மாமியார் ஏத்துக்காம குடும்ப மோதிரத்தைத் தர மறுக்க, புருஷன் தனியா ஒரு மரகத மோதிரம் செஞ்சு போட்டாராம். ஐயா, இதுவே ஒரு முழுப் படம்! ரெண்டு வரி வசனத்தில் முடிச்சுட்டாங்க. மாஜாங்ங்கிற சீனக் காய் விளையாட்டு மேசையில் எலினோருக்கு எதிரே உட்கார்ந்து, ஜெயிக்கிற காயைத் தெரிஞ்சே விட்டுக்கொடுத்துட்டு மகனோட காதலி ரேச்சல் எழுந்து போறது பிரமாதமான காட்சி, ஒத்துக்கறேன். ஆனா அதுக்கப்புறம் அந்த மோதிரம் அம்மா விரலிலிருந்து மகன் கைக்கு எப்படிப் போச்சு? ரெண்டு பேரும் என்ன பேசினாங்க? ம்ஹூம். நேரா விமானம், மோதிரம், சுபம்.

'தி பிக் சிக்' (2017) இன்னொரு எரிச்சல். அமெரிக்காவில் வாழுற பாகிஸ்தானிக் குடும்பம், மகனுக்கு அம்மா பொண்ணு பார்க்கிறாங்க. சாப்பிட உட்கார்ந்தா அழைப்பு மணி அடிக்கும், "தற்செயலா இந்தப் பக்கம் வந்தேன்"னு ஒரு பாகிஸ்தானிப் பொண்ணு நிக்கும். நாம சிரிக்கணும். அந்தப் பொண்ணுங்க போட்டோ எல்லாம் மகனோட ஒரு சுருட்டுப் பெட்டிக்குள்ள. உடுத்திக்கிட்டு வந்து, அடுத்தவங்க வீட்டுச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து, நிராகரிக்கப்படுறதுக்கும் ஒரு மனசு வேணாமா? அதுல ஒருத்திக்கு மட்டும் கொஞ்சம் மனசு திறந்து பேச வாய்ப்பு. ஆனா ஒரு நியாயம் சொல்லணும்: அந்த அம்மா சட்டுன்னு உருகலை. மகனை வழியனுப்ப வந்துட்டு காரைவிட்டு இறங்கலை. பிரியாணி மட்டும் கொடுத்தனுப்புறாங்க. கோபமும் பாசமும் ஒரே டப்பாவில். நம்ம அம்மாக்களைப் பார்த்தவங்களுக்கு அது தெரியும்.

"காமெடிப் படத்தில் இவ்வளவு எதிர்பார்க்கலாமா"ன்னு யாரும் வராதீங்க. ஆலிஸ் வூ 'சேவிங் ஃபேஸ்' எடுத்தாங்களே! நியூயார்க் சீனக் குடும்பம். பொண்ணு இன்னொரு பொண்ணைக் காதலிக்கிறதை மறைக்கிறா. 48 வயசு அம்மா கர்ப்பம், யாருடையதுன்னு சொல்ல மாட்டேங்கிறாங்க. தாத்தா வீட்டைவிட்டுத் துரத்த, அம்மா வந்து மகள் வீட்டில் உட்கார்ந்துக்கிறாங்க. மானம் போயிடும்ங்கிற பயம் ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான். சிரிப்புக்கும் குறைவில்லை.

அது வந்தது 2004-ல். பதினாலு வருஷம் கழிச்சு எலினோருக்குக் கிடைச்சது மோதிரத்தைக் கழட்டிக் கொடுக்கிற வேலை. அதையும் நம்ம கண்ணுல காட்டலை.