டோனி கார்னெட் சொல்லாமல் வைத்திருந்தது

பிரிட்டிஷ் திரைப்பட, தொலைக்காட்சித் தயாரிப்பாளர் டோனி கார்னெட்டைப் பற்றி நீங்கள் எழுதிய கட்டுரையில், அவர் தயாரித்த 'கெஸ்' (1969) படத்துக்கே பெரும்பகுதி போய்விட்டது. நல்ல படம்தான், மறுக்கவில்லை. ஆனால் 1965-இல் பிபிசி தொலைக்காட்சியில் வந்த 'அப் த ஜங்ஷன்' நாடகத்துக்கு ஒரு வரிகூட இல்லையே! கென் லோச் இயக்க, கார்னெட் கதைப் பிரிவில் பணியாற்றிய அந்த நாடகம், சட்டவிரோதக் கருக்கலைப்பின் கொடுமையை வீட்டுக் கூடத்துக்கே கொண்டுவந்தது. கார்னெட் ஐந்து வயதுச் சிறுவனாக இருந்தபோது அவருடைய தாய் அப்படியொரு கருக்கலைப்பால்தான் இறந்தார். மூன்று வாரத்துக்குள் தந்தையும் தற்கொலை செய்துகொண்டார். இதைப் பல பத்தாண்டுகள் அவர் பொதுவெளியில் சொல்லவே இல்லை. 'அப் த ஜங்ஷன்' வந்த மறு ஆண்டு, வீடிழந்த குடும்பத்தைப் பற்றிய 'கேத்தி கம் ஹோம்' நாடகத்தைத் தயாரித்தார். சிதறிய வீட்டின் வலி அவருக்குத் தெரியாததா? அடுத்த முறை எழுதும்போது தயவுசெய்து இதையும் சேருங்கள்.