கான்யே கிறுக்கன் என்றால் புஷ் நல்லவரா?

கத்ரீனா புயலின்போது ராப் பாடகர் கான்யே வெஸ்ட் அன்றைய அமெரிக்க அதிபர் ஜார்ஜ் புஷ்ஷைச் சாடிய பழைய வீடியோவை நேற்று பகிர்ந்ததற்கு விழுந்த அர்ச்சனையைப் பார்த்திருப்பீர்கள். "இந்தக் கிறுக்கன் பேச்சையா தூக்கிப் பிடிக்கிறாய்?" என்பதுதான் முக்கால்வாசி. சரி, கிறுக்கன்தான். 2022-ல் யூதர்களைப் பற்றிக் கக்கியதைக் கேட்டதோடு அவர் பாட்டையே விட்டுவிட்டேன். அதனால்? 2005 செப்டம்பர் 2 அன்று புயல் நிவாரண நிதி திரட்டும் டிவி நேரலையில் "ஜார்ஜ் புஷ்ஷுக்குக் கறுப்பர்களைப் பற்றி அக்கறை இல்லை" என்று அவர் சொன்னபோது நியூ ஆர்லியன்ஸில் முக்கால் ஊருக்கு மேல் தண்ணீரில் கிடந்தது பொய்யாகிவிடுமா? அதே நாள்தான் புஷ், பேரிடர்த் துறைத் தலைவர் மைக்கேல் பிரவுனைப் பிரமாதமாக வேலை செய்வதாக மெச்சினார். பத்தே நாளில் பிரவுன் ராஜினாமா.

"பாட்டுக்காரனுக்கு எதற்கு அரசியல்?" நிதி திரட்ட மட்டும் பாட்டுக்காரன் வேண்டும், வாயைத் திறந்தால் கூடாது, அப்படித்தானே? மேற்குக் கடற்கரை ஒளிபரப்பில் அந்த வரியை வெட்டியே விட்டார்கள்.

"நியூ ஆர்லியன்ஸ் மேயரும் கறுப்பர்தானே?" ஆமாம், அவரும் சொதப்பினார். ஆனால் உடைந்து ஊருக்குள் வெள்ளத்தை விட்ட தடுப்புக் கரைகளைக் கட்டியது மத்திய அரசின் ராணுவப் பொறியாளர் படை. அப்புறம் அன்று செய்திகளில் வந்த இரண்டு போட்டோக்களின் குறிப்பு: மளிகைப் பொருளோடு நீரில் நடந்த கறுப்பினப் பையன் "சூறையாடினான்", வெள்ளை ஜோடி "கண்டெடுத்தது". இரண்டும் வேறு வேறு செய்தி நிறுவனம், தெரியும், அதைச் சொல்லிக்கொண்டு யாரும் வராதீர்கள்.

என்னைக் குத்தியது இன்னொரு கேள்வி. "புயலுக்கு முன்னாடியே ஊரைவிட்டுக் கிளம்பியிருக்கலாமே?" இருபது வருடம் முன்பு கத்ரீனாவுக்குத் தப்பி வந்தவர்கள் தங்கியிருந்த ஹூஸ்டன் ஆஸ்ட்ரோடோம் அரங்கில் போர்வை கொடுத்துவிட்டுத் திரும்பும்போதும் காரில் இதையேதான் பேசினோம். அங்கே ஒரு பாட்டி மகனுக்கு போன் பண்ண என் போனைக் கேட்டார். கொடுத்தேன், நம்பர் நினைவில்லை, வெறுமனே கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அதைப் பார்த்துவிட்டு வந்தும் நானும் அந்தப் பேச்சுக்குத் தலையாட்டினேன்.

மூன்றே வாரத்தில் ஹூஸ்டனை நோக்கி ரீட்டா புயல். நமக்கு வீட்டுக்கு இரண்டு கார், கிரெடிட் கார்டு, டாலஸில் சொந்தக்காரர்கள், எல்லாம் இருந்தது. பதினாறு மணி நேரத்தில் ஐம்பது மைல்கூடத் தாண்டவில்லை, ஏசியை அணைத்துவிட்டுக் குழந்தைகளுக்கு விசிறினோம். நியூ ஆர்லியன்ஸில் காரே இல்லாத குடும்பங்கள் எத்தனை!

கத்ரீனாவில் ஆயிரத்துக்கு மேல் செத்தார்கள். புஷ் 2010-ல் எழுதிய நினைவுக் குறிப்பில், தன் பதவிக்காலத்திலேயே மிகத் தாழ்ந்த கட்டம் என்று கான்யேயின் அந்த ஒரு வரியைச் சொல்கிறார். ஈராக் போர் இல்லை, கூரையில் நின்று கையசைத்தவர்கள் இல்லை, தன் மேல் விழுந்த ஒரு சொல்! நேற்று நீங்களும் அதற்குத்தானே பதறினீர்கள்?

முதல் வசையை எழுதிய அண்ணா, ரீட்டா அன்று என் கார் பின் சீட்டில் இருந்தது நீங்கள்தான். ஏன் முன்னாடியே கிளம்பவில்லை என்று நம்மை ஒருவரும் கேட்கவில்லை.