நன்னி பெயரில் இருந்த 'ம்'

என் தங்கை மகளுக்குப் பெண் குழந்தை பிறந்த 11-ஆம் நாள், குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு படம் வந்து விழுந்தது. குழந்தைப் படம் என்று ஆசையாகத் திறந்தால், ஏதோ பெயர்ப்பொருள் சொல்லும் தளத்தின் ஒரு பக்கம். 'ஜைனப்' என்ற பெயருக்கு நேரே 'பருமனான பெண்' என்று போட்டிருந்தது. கீழே மருமகன் ஒரே வரி எழுதியிருந்தார்: "மாமி, மன்னிக்கவும், இந்தப் பெயர் வேண்டாம்."

7-ஆம் நாள் முடி இறக்கி, ஆடறுத்து அகீகாவும் கொடுத்தாகிவிட்டது. பெயர்தான் தள்ளிக்கொண்டே போனது. ஜைனப் என்று சொன்னவள் நான். எங்கள் நன்னியின், அதாவது பாட்டியின், பெயர் அது. நன்னி மவுத்தாகி, கண்மூடி, 30 ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டது. குடும்பத்தில் இதுவரை யாருக்கும் அந்தப் பெயரை வைக்கவில்லை.

மருமகன் எழுதியது எனக்குக் கோபமூட்டவில்லை. தகப்பன், தன் பெண்ணைப் பற்றிக் கவலைப்படுகிறார். கோபம் வந்தது தங்கை மகள் அடுத்து எழுதியதைப் பார்த்துத்தான். "அது மட்டுமில்லை பெரியம்மா, உங்கள் நன்னியின் பெயர் செய்னம்பு அல்லவா? ஊரில் சொல்லிச் சொல்லிச் சிதைந்துபோன பெயர்தானே அது?"

30 ஆண்டுகள் தமிழாசிரியராக இருந்தவளிடம் இப்படிக் கேட்டால் அவள் சும்மா இருப்பாளா? இருக்கவில்லை. அன்று குழுவில் எழுதியது கொஞ்சம் காரமாகப் போய்விட்டது. நிதானமாக இங்கே எழுதுகிறேன்.

முதலில் அந்தப் 'பருமன்' கதை. இங்கே சிங்கப்பூரில் எங்கள் புளோக்கிலேயே குடியிருக்கும் மார்க்க ஆசிரியர், உஸ்தாத் ஒருவரிடம் போய் அரபு அகராதிகளைத் திறக்கச் சொன்னேன். 13-ஆம் நூற்றாண்டில் இப்னு மன்ழூர் தொகுத்த 'லிஸானுல் அரப்' அந்தப் பொருளைச் சொல்லத்தான் செய்கிறது. 'ஸனிப' என்றால் சதை போட்டான், அதிலிருந்து ஜைனப். தளத்துக்காரர் கதை கட்டவில்லை. ஆனால் அதே அகராதி, அதே சொல்லின் கீழே இன்னொன்றும் சொல்கிறது: ஜைனப் என்பது ஒரு மரம், பார்க்க அழகானது, மணம் நல்லது, பெண்ணுக்கு அதை வைத்துத்தான் பெயரிட்டார்கள் என்று. தளத்துக்காரருக்கு மரம் தெரியவில்லை, சதை மட்டும் தெரிந்திருக்கிறது.

1415-இல் மறைந்த ஃபிரோஸாபாதியின் 'அல்காமூஸ்' அகராதி இன்னும் வேடிக்கை. அவர் நான்கு வழி காட்டுகிறார். சதை ஒன்று, மரம் ஒன்று. மூன்றாவது, 'ஜைன்' என்றால் அணிகலன், 'அப்' என்றால் தகப்பன். இரண்டையும் சேர்த்தால் தகப்பனுக்கு அழகு சேர்ப்பவள். நம் மௌலவிமார் மேடையில் சொல்வது இதைத்தான். நான்காவதைக் கேட்டு உஸ்தாத் சிரித்துவிட்டார்: தேளின் கொடுக்கு! மருமகன் கண்ணில் அது மட்டும் பட்டிருந்தால் என்ன ஆகியிருக்குமோ.

இவை போதாதென்று, பால்மைரா நாட்டு அரசி ஜெனோபியாவையும் இந்தப் பெயரோடு முடிச்சுப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். 272-இல் உரோமப் பேரரசன் ஆரீலியனிடம் தோற்றவள் அவள். அவளுடைய ஊர்மொழிப் பெயர் 'பத்-ஸப்பாய்', ஸப்பாயின் மகள். எனக்கு அந்த முடிச்சில் பெரிய நம்பிக்கையில்லை, விட்டுவிடுகிறேன்.

ஆக, அரபு மொழியையே மூச்சாகக் கொண்டிருந்த பெரியவர்கள் இதுவோ அதுவோ என்று நான்கைச் சொல்லி நிறுத்திய இடத்தில், கைபேசித் தளம் ஒற்றைச் சொல்லில் தீர்ப்பு எழுதிவிடுகிறது. இந்தத் தளங்களில் பாதிப் பெயருக்கு 'இளவரசி', மீதிக்கு 'அல்லாஹ்வின் பரிசு'. பிள்ளையின் தாய் தகப்பன் விரும்பிய 'இனாயா'வுக்கும் ஒரு தளத்தில் அல்லாஹ்வின் பரிசு என்றுதான் இருந்தது. அரபியில் இனாயா என்றால் அக்கறை, கவனிப்பு. நல்ல சொல், பரிசு இல்லை. இருக்கட்டும், சதை என்ற பொருளே சரியென்று வைத்துக்கொள்வோம். பாலைவனத்து அரபுக் கவிகளுக்குச் சதைப்பிடிப்பான பெண் அழகி. நாமும் பிறந்த குழந்தையைப் பார்த்தவுடன் 'கொழுகொழுவென்று இருக்கிறாள், மாஷா அல்லாஹ்' என்றுதானே சொல்கிறோம்? இந்தப் பிள்ளை பிறக்கும்போது 3.9 கிலோ. யாரும் குறைப்பட்டுக்கொள்ளவில்லை.

பொருள்தான் பெரிது என்பவர்கள் ஒரு செய்தியை யோசிக்க வேண்டும். நபிகள் நாயகம் (ஸல்) மணந்துகொண்ட ஜைனப் பின்த் ஜஹ்ஷ் (ரலி) அவர்களுக்கு முதலில் இருந்த பெயர் பர்ரா. பக்தியும் நற்குணமும் உள்ளவள் என்று பொருள். இன்றைய தளத்தில் போட்டால் ஐந்து நட்சத்திரம் விழும். அந்தப் பெயரைத்தான் நபியவர்கள் மாற்றினார்கள். தன்னைத் தானே மெச்சிக்கொள்வதுபோல் இருக்கிறது என்று. மாற்றி வைத்த பெயர் ஜைனப். நபியவர்களின் இன்னொரு மனைவி உம்மு ஸலமா (ரலி) அவர்களின் மகளுக்கும் அப்படியே, பர்ரா போய் ஜைனப் வந்தது. பளபளக்கும் பொருளை எடுத்துவிட்டு, அகராதிக்காரர்கள் பின்னாளில் நான்கு பக்கம் இழுக்கப்போகிற ஒரு பெயரை வைத்திருக்கிறார்கள்.

அந்த ஜைனப் கைவேலை தெரிந்தவர். தோல் பதனிட்டு, தைத்து, வந்த காசைத் தருமம் செய்வார். "உங்களில் நீண்ட கை உடையவரே எனக்குப் பின் முதலில் வந்து சேருவார்" என்று நபியவர்கள் மனைவியரிடம் சொல்லியிருந்தார்கள். அவர்கள் உண்மையாகவே கைகளை நீட்டி அளந்து பார்த்தார்களாம். இந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பும் வரும், கண்ணும் கலங்கும். ஹிஜ்ரி 20-இல் ஜைனப் முதலில் இறந்த பிறகுதான், கை நீளம் என்றால் கொடுக்கிற கை என்று அவர்களுக்கு விளங்கியது.

இன்னொரு ஜைனப், நபியவர்களின் மூத்த மகள். 624-இல் பத்ருப் போரில் அவருடைய கணவர் அபுல் ஆஸ், எதிர்ப்படையோடு வந்து பிடிபட்டார். கணவரை மீட்க மக்காவிலிருந்து இவர் அனுப்பிய பொருளில் ஒரு கழுத்துமாலை இருந்தது. கல்யாணத்தின்போது தாய் கதீஜா (ரலி) போட்டு அனுப்பிய மாலை. அதைப் பார்த்த தகப்பனார் உருகிப்போனார்கள். தோழர்களின் சம்மதம் கேட்டு, மருமகனையும் விடுவித்து, மாலையையும் திருப்பி அனுப்பினார்கள். பேத்தி முறையிலும் ஒரு ஜைனப் உண்டு, அலி (ரலி) அவர்களின் மகள். 680-இல் கர்பலாப் போரில் உற்றாரைப் பறிகொடுத்து, கைதியாக டமாஸ்கஸுக்குக் கொண்டுபோகப்பட்டு, அன்றைய ஆட்சியாளன் யஸீதின் சபையில் நின்று அவன் முகத்துக்கு நேரே பேசியவர். கொடுக்கு என்ற பொருள் பொருந்துவதென்றால் இவருக்குப் பொருந்தும்.

இனி நன்னியின் பெயருக்கு வருகிறேன்.

அரபியில் வல்லொலிப் 'ப' கிடையாது. அங்கே இருப்பது கனிந்த ஒலி மட்டும். நம்மிடம் ஒலிகள் இரண்டு, எழுத்து ஒன்று. 'பல்' என்றால் வல்லொலி. 'அம்பு', 'வேம்பு', 'கரும்பு' என்றால் அதே எழுத்து கனிந்துவிடும். எதனால்? முன்னால் நிற்கும் 'ம்' தயவால். இப்போது 'ஜைனப்' என்று எழுதி, அரபு தெரியாத ஒரு தமிழ்ப் பிள்ளையைப் படிக்கச் சொல்லுங்கள். கடைசியில் உதட்டை இறுக்கி வல்லொலியில் முடிக்கும், அரபியில் இல்லவே இல்லாத ஒலியில். நன்னியின் தாயார் என்ன செய்தார்? ஒரு 'ம்' சேர்த்தார். அரபு ஒலி கெடாமல் நின்றது. வல்லின மெய்யில் தமிழ்ச்சொல் முடியாது, ஆகவே ஓர் உகரமும் சேர்ந்தது. செய்னம்பு. எழுதப் படிக்கத் தெரியாத பெண்களின் காது செய்த வேலை இது. இதற்குப் பெயர் சிதைவா?

சிதைவென்றால், 'முகம்மது' என்று எழுதுகிறோமே, அந்தத் 'து' எங்கிருந்து வந்தது? அகமதுவின் 'து'? சீறாப்புராணம் பாடியவரே உமர் இல்லை, உமறுப் புலவர். ஆண்களின் பெயரில் உகரம் ஏறினால் மரபு, அடுப்படியில் இருந்தவள் பெயரில் ஏறினால் பட்டிக்காட்டுத்தனம் என்று ஒரு கணக்கு நம்மிடம் இருக்கிறது. எனக்கு அது பிடிக்கவில்லை.

செனகல் நாட்டில் இதே பெயர் 'செய்னாபு'. சுவாஹிலி பேசுகிறவர்களிடம் 'ஜைனாபு'. துருக்கியில் 'ஜெய்னெப்', அவர்கள் மொழியில் சொல்லின் கடைசியில் கனிந்த ஒலி நிற்காது. அங்கே ஆண்டு தவறாமல் பெண் குழந்தைகளுக்கு வைக்கும் பெயர்களில் முன்வரிசையில் நிற்பது அது. துருக்கிக்காரர் யாரும் தன் பாட்டி பெயரைத் திருத்தவேண்டும் என்று ஒற்றைக்காலில் நிற்பதாகத் தெரியவில்லை. மலாய்க்காரர்கள் 'ஸைனாப்' என்று எழுதி, 'நாப்' என்று சுருக்கிக் கூப்பிடுவார்கள். எங்கள் பழைய வீட்டில் பக்கத்து வீட்டு மலாய்க்காரரை எல்லாரும் 'காக் நாப்', அதாவது நாப் அக்கா, என்போம். அவரும் நன்னியும் 10 ஆண்டுகளுக்கு மேல் கஞ்சியும் பலகாரமும் மாற்றிக்கொண்டார்கள். இருவர் பெயரும் ஒன்றே என்று இருவருக்கும் தெரியாது. ஒருநாள் பலதுறை மருந்தகத்தில் இரண்டு பேரின் அட்டைகளையும் வைத்துக்கொண்டு தாதி விளக்கியபோது, காக் நாப் நன்னியின் கையைப் பிடித்துக்கொண்டு சத்தமாகச் சிரித்தது இன்னும் காதில் இருக்கிறது.

அரபு மொழியும் இதைத்தான் செய்திருக்கிறது. இங்கே டன்லப் ஸ்திரீட்டில் அப்துல் கஃபூர் பள்ளிவாசலுக்குப் போனால், வாசல் முகப்பை நிமிர்ந்து பாருங்கள். சூரியன்போல் விரியும் 25 கதிர்கள், கதிருக்கு ஒரு நபியின் பெயர், அழகான அரபு எழுத்தில். அவற்றில் இப்ராஹீம், இஸ்மாயீல், இஸ்ஹாக் போன்ற பலவும் அரபுச் சொற்களே அல்ல, வேற்றுமொழிப் பெயர்கள் என்று அரபு இலக்கணக்காரர்களே தனியாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். குர்ஆனில் பெயர் சொல்லிக் குறிப்பிடப்படும் ஒரே பெண் மர்யம். அந்தப் பெயரும் எபிரேயத்து மிர்யாமின் உருவம். அரபியரின் நாக்குக்கு இருந்த உரிமை எங்கள் நன்னியின் நாக்குக்கு இல்லையா?

நன்னி ரஜுலா கப்பலில் வந்து இறங்கியவர். நன்னா, எங்கள் தாத்தா, துறைமுகத்தில் கூலி. தஞ்சோங் பகாரில் ஒற்றை அறைக் குடித்தனம். அறைக்கு வெளியே அம்மி போட்டு, மிளகாய், மல்லி, மஞ்சள் தனித்தனியாக அரைத்து உருட்டி, இலையில் வைத்து விற்பார். நாங்கள் அழுதால் கண்ணைத் துடைக்கக் கையைக் கிட்டக் கொண்டுவரமாட்டார், எரியும் என்று. முந்தானையால்தான் துடைப்பார். அந்தக் காசில்தான் ஊரில் இரண்டு பெண்களுக்குக் கல்யாணம் நடந்தது. இருவரும் நன்னி பெற்ற பிள்ளைகள் இல்லை. தோல் பதனிட்ட ஜைனபின் கதையை நான் முதலில் கேட்டதும் நன்னியிடம்தான். அவர் சொன்ன கதையில் அந்த அம்மையார் தோல் தைத்தாரா மசாலா அரைத்தாரா என்று சின்ன வயதில் எனக்குக் குழப்பம்.

நன்னியின் பித்தளைச் செம்பு என்னிடம் இருக்கிறது. கழுத்துக்குக் கீழே பெயர் வெட்டியிருக்கும், உளிமுனையால் குத்திக் குத்தி. மருமகன் நேரில் வந்தபோது அதை எடுத்துக் காட்டினேன். விளக்கு வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அவர் இங்கேயே பிறந்து வளர்ந்தவர், தமிழ் படிப்பார், மெதுவாக. "செ... ய... ன... ம... பு" என்று எழுத்துக் கூட்டினார். அவர் மேல் குற்றமில்லை. எழுத்து முழுவதையும் புள்ளியாலேயே குத்தி முடித்த அந்த மனிதர், மெய்யெழுத்தின் தலையில் வைக்க வேண்டிய புள்ளியை மட்டும் விட்டுவிட்டார்.

இங்கே 42 நாளுக்குள் பிறப்பைப் பதிந்தாக வேண்டும். 33-ஆம் நாள் பதிந்தார்கள். 2022-இலிருந்து சான்றிதழ் காகிதத்தில் வருவதில்லை. கைபேசியில் வந்ததைத் தங்கை மகள் குழுவில் போட்டாள். ஜைனப் இனாயா. தாய்க்கு இனாயா, தகப்பனுக்கு ஸைனு. நான் என்ன சொல்லிக் கூப்பிடுகிறேன் என்று கேட்கவேண்டியதில்லை, யாரும் தடுக்கவில்லை.

ஒரு உதவி. செம்பில் நன்னி பெயருக்குக் கீழே பிள்ளையின் பெயரையும் வெட்டிக் கொடுத்துவிடலாம் என்று நினைக்கிறேன். தேக்காவில், நம் லிட்டில் இந்தியாவில், இரண்டு பாத்திரக் கடையில் கேட்டேன். இயந்திரத்தில் ஆங்கில எழுத்து மட்டும் போட்டுத் தருவார்களாம். கையால் தமிழில் குத்தித் தருகிறவர் யாராவது இன்னும் இங்கே இருக்கிறாரா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள். 'ம்' தலையில் புள்ளி வைக்க மறக்காதவராக இருந்தால் நல்லது.