மோசேயின் கொம்பு கேலிக்காக வைத்ததல்ல

"மைக்கலாஞ்சலோ மோசே சிலைக்குக் கொம்பு வைத்தது யூதர்களைச் சாத்தானாகக் காட்டத்தான், அவரைப் பற்றிய புத்தகத்திலேயே இருக்கிறது" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். தவறான தகவல் இது, தயவுசெய்து பகிராதீர்கள்.

கொம்பு வந்தது மொழிபெயர்ப்பிலிருந்து. சீனாய் மலையிலிருந்து இறங்கிய மோசேயின் முகம் பிரகாசித்தது என்று நம் தமிழ் வேதாகமத்தில் படிக்கிறோமே, யாத்திராகமம் 34:29, அந்த வசனம்தான். அங்குள்ள எபிரேய வினைச்சொல்லுக்கும் கொம்பைக் குறிக்கும் 'கெரென்' என்ற சொல்லுக்கும் வேர் ஒன்று. கி.பி. 400ஐ ஒட்டி லத்தீனில் மொழிபெயர்த்த புனித ஜெரோம் அதைக் 'கொம்புள்ள முகம்' என்றே எழுதினார். ஐரோப்பா முழுக்க ஓவியர்கள் படித்தது அந்த லத்தீன் வேதாகமத்தைத்தான். 11ஆம் நூற்றாண்டு இங்கிலாந்து ஓவியச் சுவடியிலேயே கொம்புள்ள மோசே இருக்கிறார். பிரான்சின் தீஜோன் நகரில் சிற்பி கிளாஸ் ஸ்லூட்டர் செதுக்கிய மோசேயும் அப்படித்தான். மைக்கலாஞ்சலோவுக்கு ஒரு நூற்றாண்டு முந்தியது அது.

சரி, கொம்பு யூதர்களை இழிவுபடுத்தவும் பயன்பட்டதே என்றால், உண்மைதான், வேதனையான வரலாறு அது. ஆனால் இந்தச் சிலை போப் இரண்டாம் ஜூலியஸின் கல்லறைக்காகச் செய்தது. நெற்றிச் சுருள்முடிக்குள் குட்டையான இரண்டு கொம்புகள், வலக்கை அக்குளில் கட்டளைப் பலகைகள், அதே கையின் விரல்களில் சிக்கிய நீண்ட தாடி. இதில் ஏளனம் எங்கே? ரோம் யூதர்கள் சனிக்கிழமைதோறும் கூட்டமாக வந்து இச்சிலையை வணங்கியதாக, மைக்கலாஞ்சலோவை நேரில் அறிந்து, அவர் உள்ளிட்ட கலைஞர்களின் வாழ்க்கை வரலாறுகளை எழுதிய வசாரியே தன் நூலில் எழுதியிருக்கிறார்.