தெருவில் கேட்ட வசையை மேடையேற்றியவர்

லெபனான் தலைநகர் பெய்ரூட்டில், பெண்களின் ஆட்டம் எனப்படும் இடுப்பு நடனத்தை ஆடும் ஆண் கலைஞர் அலெக்சாந்தர் பவ்லிகேவிச். அவரைப் பற்றிய ஒரு கட்டுரைக்குக் கீழே, "ஆண்கள் இப்படி ஆடுவதெல்லாம் மேற்கிலிருந்து வந்த பழக்கம், அரபுப் பண்பாட்டுக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். வரலாறு அப்படிச் சொல்லவில்லை. 1834இல் எகிப்தை ஆண்ட முகமது அலி பாஷா கெய்ரோவில் பெண்கள் பொதுவெளியில் ஆடுவதைத் தடைசெய்தார். ஆனால் அதே நகரத்தின் கல்யாண வீடுகளில் 'கவல்' எனப்பட்ட ஆண்கள் ஆடிக்கொண்டிருந்தார்கள். கூந்தல் வளர்த்து, கண்ணுக்கு மையிட்டு, பாதி ஆணுடையும் பாதி பெண்ணுடையுமாக! பார்க்கப்போனால், ஒருபாலுறவாளர்களைத் தண்டிக்கப் பயன்படும் லெபனானின் 534ஆவது சட்டப்பிரிவுதான் பிற்காலத்தது. பிரெஞ்சு ஆதிக்கக் காலத்தில், 1943ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டத்தில் எழுதப்பட்டது அது. ஓராண்டு வரை சிறை.

பவ்லிகேவிச் பாரிஸில் படித்துவிட்டு ஊர் திரும்பி, பெண்களுக்கே உரியது என்று ஒதுக்கப்பட்ட 'பலதி' எனும் இடுப்பு நடனத்தைத் தன் உடலில் ஏற்றுக்கொண்டவர். பெய்ரூட் தெருக்களில் நடக்கும்போது தன்மேல் எறியப்பட்ட ஏச்சுகளையே 'தஜ்வால்' என்ற படைப்பாக்கினார். எனக்கு அதுதான் பெரிய விஷயமாகப் படுகிறது. எந்த இடுப்பசைவைக் காட்டி ஊர் கேலி செய்ததோ, அதையே அதே ஊரில், ஆளைப் பார்த்து ஆடுவதற்கு எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்! அவர் அங்கே பெண் வேடம் போட்டுச் சிரிக்கவைக்கவில்லை. ஆண் உடலுக்கு நளினம் ஆகாது என்று யார் முடிவு செய்தது என்று கேட்கிறார்.

கட்டுரையாளர் அவருடைய உடைகளுக்கு ஒதுக்கிய இடத்தில் பாதியையாவது அந்தக் கெய்ரோ ஆட்டக்காரர்களுக்குத் தந்திருக்கலாம். அடுத்த கட்டுரையில் அவர்களைப் பற்றி எழுதுங்கள்.